மரபு யாருடையது? தென்னாப்பிரிக்காவின் மரபுத் தலைவர்களும் பாதிக் குடிமக்களும்



எங்கள் வாசிப்பு வட்டத்தில் டர்பன் மாநாட்டைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தோம். 2001 ஆகஸ்ட் 31 முதல் செப்டம்பர் 8 வரை, இனவெறிக்கு எதிரான ஐ.நா. உலக மாநாடு தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில் நடந்தது. நம் இயக்கத்தவர் அங்கே சென்று, சாதியும் பிறப்பின் பேரால் நடக்கும் ஒடுக்குமுறைதான் என்று உலகத்தின் முன் முறையிட்டார்கள். சாதி வேறு, இனம் வேறு. இது உள்நாட்டு விவகாரம் என்று இந்திய அரசு மறுத்தது. இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்த ஒரு கல்லூரி மாணவி கேட்டார்: "அக்கா, அங்கதான் நிறவெறி ஒழிஞ்சிடுச்சே. இப்ப கிராமத்துல அவங்க சொந்தத் தலைவருங்கதானே இருக்காங்க? அவங்க ஆளு, அவங்க மரபு. அதுல என்ன தப்பு?"

அன்று எங்களால் முழுமையாகப் பதில் சொல்ல முடியவில்லை. அதற்காகப் படித்ததைத்தான் இங்கே பகிர்கிறோம். டர்பன் நகரைச் சுற்றியுள்ள கிராமங்களில் வாழும் கறுப்பினப் பெண்களும் "இது எங்கள் உள்விவகாரம், எங்கள் மரபு" என்ற அதே பதிலைக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். சொன்னவர்கள் வெள்ளையர்கள் அல்ல, அவர்களுடைய சொந்தத் தலைவர்கள்.

மக்களால் தலைவர், ஆளுநரால் தலைவர்

தென்னாப்பிரிக்காவில் காலனி ஆட்சிக்கு முன்பும் மரபுத் தலைவர்கள் இருந்தார்கள். நிலத்தைப் பகிர்ந்தளிப்பது, வழக்கு தீர்ப்பது, போருக்கு ஆள் திரட்டுவது எல்லாம் அவர்கள் பொறுப்பு. அது ஒன்றும் பொற்காலம் அல்ல. ஆண்களின் ஆட்சிதான், மூத்த குடும்பங்களின் ஆட்சிதான். ஆனாலும் தலைவரின் அதிகாரத்துக்கு ஒரு கடிவாளம் இருந்தது. நிலம் பரந்து கிடந்தது. தலைவர் கொடுமைக்காரர் என்றால் மக்கள் மாடுகளை ஓட்டிக்கொண்டு வேறொரு தலைவரிடம் போய்விட முடிந்தது. மக்கள் இல்லாத தலைவர் தலைவரே இல்லை. மக்களால்தான் தலைவர் தலைவராகிறார் என்ற பழமொழி அந்த மண்ணில் இன்றும் வழங்குகிறது.

இந்தக் கடிவாளத்தை அறுத்தது காலனி அரசு. 19-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் நேட்டால் பகுதியில் தியோஃபிலஸ் ஷெப்ஸ்டோன் என்ற ஆங்கில அதிகாரி ஒரு முறையை உருவாக்கினார். சில வெள்ளை அதிகாரிகளைக் கொண்டு லட்சக்கணக்கான கறுப்பின மக்களை ஆள வேண்டும். அதற்கு மலிவான வழி, தலைவர்களை அரசின் ஊழியர்களாக்குவது. தலைவர் இல்லாத இடத்தில் அரசே ஒருவரைத் தலைவராக்கியது. எல்லாத் தலைவர்களுக்கும் மேலான 'உயர் தலைவர்' யார்? ஆங்கில ஆளுநர்!

அடுத்து, மரபு எழுத்தில் ஏறியது. நேட்டாலில் கறுப்பின மக்களின் வழக்காறுகள் 1878-இல் தொகுக்கப்பட்டு, 1891-இல் சட்டமாயின. வாழ்க்கையோடு சேர்ந்து மாறிக்கொண்டிருந்த வழக்கங்கள் காகிதத்தில் உறைந்துபோயின. அதில் பெண் என்றைக்கும் மைனர். தந்தை, கணவன், மகன் என யாராவது ஓர் ஆணின் பொறுப்பில்தான் அவர் இருக்க வேண்டும். எந்த வழக்கத்தை எழுதுவது என்று முடிவு செய்தவர்கள் வெள்ளை அதிகாரிகளும் அவர்களிடம் பேசிய மூத்த ஆண்களும். இளைஞர்களிடமும் பெண்களிடமும் யாரும் கேட்கவில்லை.

1927-இல் வந்த சுதேச நிர்வாகச் சட்டம் இதை நாடளாவிய முறையாக்கியது. தலைவரை நியமிக்கவும் நீக்கவும் அரசுக்கு அதிகாரம். தலைவருக்கோ மக்களுக்குத் தீர்ப்புச் சொல்லவும் தண்டிக்கவும் அதிகாரம். அதற்குள் 1913-ஆம் ஆண்டின் நிலச் சட்டம் கறுப்பின மக்களுக்கென நாட்டின் நிலத்தில் சுமார் 7 சதவீதத்தை மட்டும் ஒதுக்கியிருந்தது. 1936-இல் அது 13 சதவீதம் வரை என்று உயர்த்தப்பட்டது. மாடுகளை ஓட்டிக்கொண்டு போக இனி வேறு இடம் இல்லை.

நைஜீரியாவின் தென்கிழக்கில் ஆங்கிலேயர்கள் இன்னும் ஒரு படி மேலே போனார்கள். அங்கே இக்போ ஊர்கள் பலவற்றில் ஆளும் தலைவர் என்று ஒருவர் இருந்ததே இல்லை. ஊர்க்கூட்டமே முடிவெடுக்கும். ஆங்கிலேயர்கள் கையில் ஒரு ஆணைப்பத்திரத்தைக் கொடுத்து ஆட்களைத் தலைவர்களாக்கினார்கள். அந்தத் தலைவர்கள் வரி வசூலித்தார்கள், கட்டாய வேலை வாங்கினார்கள், நீதிமன்றத்தில் உட்கார்ந்து லஞ்சம் வாங்கினார்கள். 1929-இன் இறுதியில், பெண்களுக்கும் வரி வரப்போகிறது என்ற செய்தி பரவியபோது ஆயிரக்கணக்கான பெண்கள் திரண்டார்கள். தலைவர்களின் வீடுகளைச் சூழ்ந்தார்கள், சுதேச நீதிமன்றங்களைத் தாக்கினார்கள். துப்பாக்கிச் சூட்டில் 50-க்கும் மேற்பட்ட பெண்கள் கொல்லப்பட்டனர். ஆபா பெண்கள் போர் என்று வரலாறு அதைக் குறிக்கிறது.

உகாண்டாவைச் சேர்ந்த அறிஞர் மஹ்மூத் மம்தானி 1996-இல் வெளியிட்ட நூலில் இந்த முறையை விளக்குகிறார். காலனி அரசுக்கு இரண்டு முகங்கள். நகரத்தில் சட்டமும் உரிமையும் உள்ள குடிமக்கள். கிராமத்தில் மரபின் பேரால் ஆளப்படும் குடிபடைகள். கிராமத்தில் சட்டம் இயற்றுபவர், நிறைவேற்றுபவர், தீர்ப்புச் சொல்பவர் எல்லாம் ஒரே ஆள். விடுதலைக்குப் பிறகு பல நாடுகள் நகரத்து நிறபேதத்தை ஒழித்தன, கிராமத்து ஆட்சிமுறையைத் தொடவில்லை என்பது அவர் குற்றச்சாட்டு.

நல்ல தலைவரும் நீக்கப்பட்ட தலைவரும்

1948-இல் ஆட்சிக்கு வந்த நிறவெறி அரசு, 1951-இல் பாண்டு அதிகார அமைப்புச் சட்டத்தைக் கொண்டுவந்தது. 'பாண்டு' என்பது கறுப்பின மக்களுக்கு அந்த அரசு இட்ட பெயர். ஒவ்வொரு இனக்குழுவுக்கும் ஒரு அதிகார அமைப்பு, அதற்கு ஒரு தலைவர், ஒரு எல்லை. இவற்றின் மேல்தான் பிறகு 'தாயகங்கள்' என்ற போலி நாடுகள் கட்டப்பட்டன. நீங்கள் தென்னாப்பிரிக்கக் குடிமக்கள் அல்ல, உங்கள் தாயகத்தின் குடிமக்கள் என்று சொல்லிக் கறுப்பின மக்களை அவர்கள் நாட்டிலேயே அந்நியராக்கும் திட்டம் அது.

தலைவர்கள் எல்லோரும் இதற்கு உடன்பட்டார்களா? இல்லை. ஆல்பர்ட் லுதுலி நேட்டாலில் க்ரூட்வில் பகுதியின் தலைவர். அங்கே தலைமை பரம்பரையாக வருவதில்லை, மக்கள் தேர்ந்தெடுப்பார்கள். 1952-இல் அரசு அவரிடம், ஆப்பிரிக்க தேசிய காங்கிரஸா தலைவர் பதவியா, ஒன்றை விடு என்றது. அவர் எதையும் விட மறுத்தார். அரசு அவரைப் பதவிநீக்கம் செய்தது. அடுத்த மாதமே அவர் காங்கிரஸின் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1960-ஆம் ஆண்டின் அமைதிக்கான நோபல் பரிசு அவருக்கு வழங்கப்பட்டது. மக்களுக்குப் பதில் சொன்ன தலைவர் நீக்கப்பட்டார். அரசுக்குப் பதில் சொன்னவர்கள் நீடித்தார்கள்.

போண்டோலாந்து மக்கள் இதை வேறு விதமாகப் புரிய வைத்தார்கள். அரசுடன் ஒத்துழைத்த தலைவர்களின் குடிசைகளுக்குத் தீ வைத்தார்கள். வரி கொடுக்க மறுத்தார்கள். மலைகளில் கூட்டம் போட்டார்கள். 1960 ஜூன் 6 அன்று இங்குசா மலையில் கூடியிருந்தவர்கள் மீது போலீஸ் சுட்டதில் 11 பேர் இறந்தார்கள். மரபை எதிர்த்து நகரத்துப் படிப்பாளிகள் நடத்திய கிளர்ச்சி அல்ல இது. மரபின் பேரால் தம் தலைமேல் வைக்கப்பட்டதைக் கிராமத்து மக்களே எதிர்த்த கிளர்ச்சி.

மேசையில் இருவர்

நிறவெறி முடியும் காலத்தில், 1993-இல், புதிய அரசியலமைப்புக்கான பேச்சுவார்த்தை நடந்தது. மரபுத் தலைவர்களின் அமைப்பு ஒரு கோரிக்கை வைத்தது: சமத்துவ உரிமை வழக்காற்றுச் சட்டத்தைக் கட்டுப்படுத்தக் கூடாது. அதாவது, எல்லோரும் சமம், ஆனால் எங்கள் கிராமத்துப் பெண்கள் அதில் சேர்த்தியில்லை. கட்சி வேறுபாடுகளைத் தாண்டித் திரண்டிருந்த பெண்கள் அமைப்புகள் இதை எதிர்த்து நின்று வென்றன. 1996-ஆம் ஆண்டின் அரசியலமைப்பு மரபுத் தலைமையை அங்கீகரிக்கிறது, நீதிமன்றங்கள் வழக்காற்றுச் சட்டத்தைக் கையாளவும் சொல்கிறது. ஆனால் இரண்டுமே அரசியலமைப்புக்குக் கட்டுப்பட்டவை.

இந்த ஒரு நிபந்தனையின் மதிப்பு 2004-இல் தெரிந்தது. கேப் டவுன் அருகே கயலிட்ஷாவில் ஒரு தந்தை இறந்துபோனார். அவருக்கு இரண்டு பெண் குழந்தைகள். பெண்ணுக்கு வாரிசுரிமை இல்லை என்ற விதியின்படி, அவர்கள் குடியிருந்த சிறிய வீடு தாத்தாவுக்குப் போய்விடும் நிலை. 1927-ஆம் ஆண்டுச் சட்டத்தின் நிழல் அங்கே வரை நீண்டிருந்தது. ஆண் வாரிசுக்கு மட்டும் சொத்து என்ற விதி செல்லாது என்று அரசியலமைப்பு நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

2008-இல் இன்னொரு வழக்கு. லிம்போபோ மாநிலத்தில் வலோயி மக்களின் தலைவர் 1968-இல் ஆண் வாரிசு இல்லாமல் இறந்தபோது, பதவி அவர் தம்பிக்குப் போனது. மகள் ஃபிலியா ஷிலுபானா பெண் என்பதால் விலக்கப்பட்டார். புதிய அரசியலமைப்பு வந்த பிறகு அந்தச் சமூகத்தின் மரபுக் குழுவே கூடி, பெண்ணும் தலைவராகலாம், ஷிலுபானாவே தலைவர் என்று முடிவெடுத்தது. தம்பியின் மகன் வழக்குப் போட்டார். மரபு என்பது கடந்த காலத்தில் எழுதி வைத்தது மட்டுமல்ல, இன்று அந்த மக்கள் வாழ்ந்து மாற்றிக்கொள்வதும் மரபுதான் என்று நீதிமன்றம் ஏற்றது. ஷிலுபானா வென்றார்.

இந்தத் தீர்ப்பைக் கவனமாகப் படியுங்கள். மரபை ஒழி என்று அது சொல்லவில்லை. மரபை மாற்றும் உரிமை அந்த மக்களுக்கு உண்டு என்கிறது.

விலகிப் போகும் உரிமை

நீதிமன்றம் ஒரு திசையில் போக, நாடாளுமன்றம் வேறு திசையில் போனது. 2003-ஆம் ஆண்டுச் சட்டம் நிறவெறிக் காலத்து அதிகார அமைப்புகளை அப்படியே 'மரபுக் குழுக்கள்' என்று பெயர் மாற்றி ஏற்றது, பழைய எல்லைகளுடனேயே. மூன்றில் ஒரு பங்கு பெண்கள், 40 சதவீதம் தேர்ந்தெடுக்கப்பட்டவர்கள் என்ற நிபந்தனை இருந்தது. பல இடங்களில் அது ஆண்டுக்கணக்கில் நிறைவேறவில்லை. கிராமத்து வாக்குகளைத் தலைவர்கள் திரட்டித் தருவார்கள் என்ற கணக்கு கட்சிகளுக்கு இருந்தது என்பதை மறைக்க வேண்டியதில்லை.

2008-இல் மரபு நீதிமன்ற மசோதா வந்தது. 2012-இல் மீண்டும் வந்தது. தலைவர் அழைத்தும் வராவிட்டால் குற்றம். வழக்கறிஞர் வைத்துக்கொள்ள முடியாது. தண்டனையாகக் கூலியில்லாமல் வேலை செய்ய வைக்கலாம், மரபுப்படி கிடைக்கும் பயன்களைப் பறிக்கலாம். கிராமத்தில் மரபுப்படி கிடைக்கும் பயன் என்றால் முதலில் நிலம்தான். கிராமப்புறப் பெண்கள் கருத்துக் கேட்புக் கூட்டங்களுக்கு வந்து பேசினார்கள். துக்க உடையில் இருக்கும் விதவை தலைவரின் மன்றத்துக்குள் போக முடியாது, அவளுக்காக ஓர் ஆண் உறவினர்தான் பேச வேண்டும், பல நேரம் அவளை வீட்டைவிட்டுத் துரத்துபவரே அந்த உறவினர்தான் என்றார்கள். குவாசுலு-நட்டாலில் கிராமப்புறப் பெண்கள் இயக்கத்தைக் கட்டிய சிசானி இங்குபானே போன்றவர்கள் இந்தக் குரல்களை ஒன்று சேர்த்தார்கள். மாநிலங்கள் பலவற்றின் ஆதரவு கிடைக்காமல் 2014-இல் அந்த மசோதா காலாவதியானது.

2017-இல் புதிய வடிவம் வந்தது. அதில் ஒரு நல்ல பிரிவு இருந்தது: விரும்பாதவர் மரபு நீதிமன்றத்திலிருந்து விலகி, அரசு நீதிமன்றத்துக்குப் போகலாம். தலைவர்களின் எதிர்ப்பால் அந்தப் பிரிவு நீக்கப்பட்டது. விலகும் உரிமை இல்லாமலேயே மசோதா நிறைவேறி, 2023-இல் குடியரசுத் தலைவரின் கையெழுத்தைப் பெற்றது.

ஏன் இந்த ஒரு பிரிவின் மேல் இவ்வளவு சண்டை? மக்கள் விலகிப் போக முடிந்தால் தலைவர் நியாயமாக நடந்தாக வேண்டும். பழைய காலத்தில் மாடுகளை ஓட்டிக்கொண்டு போன அதே உரிமையின் இன்றைய வடிவம்தான் இது. மரபைக் காக்கிறோம் என்றவர்கள் மரபிலிருந்த மிக ஜனநாயகமான கூறைத்தான் வெட்டி எறிந்தார்கள்.

கட்டுப்பாடில்லாத தலைமை என்ன செய்யும் என்பதற்குச் சான்றும் உண்டு. தெம்பு மக்களின் அரசர் புயெலெகயா தலிண்டியெபோ, விடுதலைப் போராட்டக்காரர்களுக்கு உதவியவர். ஆனால் 1990-களின் நடுவில் தன் ஆளுகைக்குட்பட்டவர்களைத் தண்டிப்பதாகச் சொல்லி அவர் செய்த ஆள்கடத்தல், தீவைப்பு, தாக்குதல் ஆகியவை நீதிமன்றத்தில் உறுதியாயின. மரபுத் தலைவராக நீதி வழங்கினேன் என்ற வாதம் எடுபடவில்லை. 2015-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் 12 ஆண்டுச் சிறை விதித்தது. அவர் 2019-இல் தண்டனைக் குறைப்பில் வெளியே வந்தார். போராட்டத்தில் நம்மோடு நின்றவர் என்பது, அதிகாரத்தில் நியாயமாக நடப்பார் என்பதற்கு உத்தரவாதம் அல்ல.

நிலம்

மரபு பற்றிய பேச்சு கடைசியில் நிலத்தில் வந்துதான் நிற்கும். வடமேற்கு மாநிலத்தில் வில்கஸ்ப்ரூட் என்ற பண்ணை நிலத்தை, நூறு ஆண்டுகளுக்கு முன் 13 குலங்களைச் சேர்ந்தவர்கள் பணம் சேர்த்து வாங்கினார்கள். கறுப்பின மக்கள் தங்கள் பெயரில் பதிவு செய்ய அன்றைய ஆட்சிமுறை விடவில்லை. பக்கட்லா இனக்குழுவுக்காக அமைச்சரின் பெயரில் பதிவானது. பல பத்தாண்டுகள் கழித்து அங்கே பிளாட்டினம் எடுக்கச் சுரங்க நிறுவனம் வந்தபோது, குத்தகை ஒப்பந்தம் போடப்பட்டது 'இனக்குழுவுடன்'. உழுது மேய்த்து வந்த குடும்பங்களை வெளியேற்ற உத்தரவும் வாங்கினார்கள். 2018-இல் அரசியலமைப்பு நீதிமன்றம் அந்த உத்தரவை ரத்து செய்தது. நிலத்தின் மேல் உரிமையுள்ள அந்தக் குடும்பங்களைக் கேட்காமல், அவர்களுக்காக வேறொருவர் சம்மதம் கொடுத்துவிட முடியாது.

குவாசுலு-நட்டாலில் இங்கோன்யாமா அறக்கட்டளை இருக்கிறது. முதல் ஜனநாயகத் தேர்தலுக்குச் சில நாட்கள் முன்பு, 1994 ஏப்ரலில், அவசரமாக நிறைவேறிய சட்டத்தால் பிறந்தது. சுமார் 28 லட்சம் ஹெக்டேர் நிலத்துக்கு சூலு மன்னரே ஒரே அறங்காவலர். தலைமுறைகளாக அந்த நிலத்தில் வாழ்ந்தவர்களை அறக்கட்டளை குத்தகைப் பத்திரத்தில் கையெழுத்திட வைத்து வாடகை வாங்கத் தொடங்கியது. சொந்த நிலத்தில் வாடகைக்காரர்கள்! குடியிருப்பவர்கள் சிலரும் கிராமப்புறப் பெண்கள் இயக்கமும் மற்றோர் அமைப்பும் வழக்குத் தொடுத்தார்கள். 2021 ஜூன் மாதம் பீட்டர்மாரிட்ஸ்பர்க் உயர் நீதிமன்றம், அந்தக் குத்தகைகள் சட்டவிரோதம், வாங்கிய வாடகையைத் திருப்பிக் கொடு என்றது.

இரண்டு பொய்கள்

இவ்வளவும் படித்த பிறகும் ஒரு உண்மையை ஒத்துக்கொள்ள வேண்டும். ஆப்பிரிக்க நாடுகள் பலவற்றில் மக்கள் மரபுத் தலைவர்களை மதிக்கிறார்கள். அரசு நீதிமன்றம் தொலைவில் இருக்கிறது, செலவு அதிகம், மொழி புரியாது. தலைவர் பக்கத்தில் இருக்கிறார், கதவைத் தட்டலாம். மலாவியில் தெரசா கச்சிண்டமோட்டோ என்ற பெண் தலைவர் தன் அதிகாரத்தைக் கொண்டு நூற்றுக்கணக்கான குழந்தைத் திருமணங்களை ரத்து செய்து, சிறுமிகளைப் பள்ளிக்கு அனுப்பினார். குழந்தைத் திருமணத்தை அனுமதித்த துணைத் தலைவர்களைப் பதவியிலிருந்தும் நிறுத்தினார். மலாவியின் சட்டமும் 2015-இல் திருமண வயதை 18 ஆக்கி அவருக்குத் துணை நின்றது. எனவே தலைவர் என்றாலே கெட்டவர் என்பது நம் முடிவு அல்ல.

இன்னொன்று. காலனி அரசு மரபைத் திரித்தது உண்மை. அதனால் கெட்டதெல்லாம் வெள்ளைக்காரன் கொண்டுவந்தது, அதற்கு முன் எல்லாம் சமத்துவம் என்று சிலர் பேசுவார்கள். நாம் இதை நம்பக் கூடாது. நைஜீரியாவில் ஊர்க்கூட்டம் நடத்திய அதே இக்போ மக்களிடையே, 'ஓசு' என்று ஒரு பிரிவினர் பிறப்பின் பேரால் விலக்கப்பட்டார்கள். தெய்வத்துக்கு நேர்ந்துவிடப்பட்டவர்களின் வழிவந்தவர்கள் அவர்கள். அவர்களோடு திருமண உறவு இல்லை, ஊர்ப் பட்டங்கள் இல்லை. 1956-இல் கிழக்கு நைஜீரியச் சட்டமன்றம் ஓசு முறையைத் தடை செய்தது. இன்றும் திருமணப் பேச்சில் அது தலைகாட்டுகிறது. டர்பன் மாநாட்டுக்கு அடுத்த ஆண்டு, 2002-இல், ஐ.நா.வின் இனப்பாகுபாடு ஒழிப்புக் குழு பிறப்பு அடிப்படையிலான பாகுபாடு பற்றிய தன் பரிந்துரையை வெளியிட்டது. சாதியையும் அதுபோன்ற பிறப்புவழி அந்தஸ்து முறைகளையும் அது சேர்த்தே கண்டித்தது. ஓசு மக்களின் நிலையும் அதற்குள் அடங்குவதுதான்.

ஆக, பொய்கள் இரண்டு. மரபு மாறாதது என்பது ஒன்று. மரபில் இருந்த கொடுமையெல்லாம் வெளியிலிருந்து வந்தது என்பது இன்னொன்று. முதல் பொய் தலைவர்களுக்குப் பயன்படுகிறது. இரண்டாவது, ஒடுக்கியவர்களின் பேரப்பிள்ளைகளுக்குப் பயன்படுகிறது.

1948 நவம்பர் 4 அன்று அரசியல் நிர்ணய சபையில் வரைவு அரசியலமைப்பை முன்வைத்த அண்ணல் அம்பேத்கர், கிராமத்தை விட்டுத் தனிமனிதரை அலகாகக் கொண்டதை வரவேற்றுப் பேசினார். அதைக் கேட்டு, கிராமத்தின் பெருமை தெரியாதவர் என்று அவரைக் குறை சொன்னவர்கள் உண்டு. வில்கஸ்ப்ரூட் குடும்பங்களும், மன்றத்துக்கு வெளியே நின்ற விதவைகளும் அவர் சொன்னதை உடனே புரிந்துகொள்வார்கள்.

அந்த மாணவிக்கு எங்கள் பதில் இதுதான். தம்பி தங்கைகளே, யாராவது "இது எங்கள் மரபு" என்று சொன்னால் மூன்று கேள்விகள் கேளுங்கள். இதை எழுதியபோது யாரிடம் கேட்டார்கள்? இதை மாற்ற யாருக்கு உரிமை உண்டு? பிடிக்காதவர் நிலத்தையும் வீட்டையும் இழக்காமல் இதிலிருந்து விலகிப் போக முடியுமா? மூன்றாவது கேள்விக்கு "முடியாது" என்று பதில் வந்தால், ஆள்பவர் நம் ஆளாகவே இருந்தாலும், அங்கே இருப்பவர் இன்னும் குடிமகள் ஆகவில்லை.

ஜெய் பீம்!